பேசாமல் பேசியவர்கள்

2018ஆம் ஆண்டு மார்ச் 6ஆம் திகதி இரவு எங்கள் வீட்டில் தொலைக்காட்சி ஓடிக்கொண்டிருந்தது. ஆனால் சத்தம் இல்லை. கொழும்பு ஆர். பிரேமதாச மைதானத்தில் சுதந்திரக் கிண்ணத் தொடரின் முதலாவது ஆட்டம். இலங்கையும் இந்தியாவும் மோதின. வீதியில் ஏதாவது சத்தம் கேட்டால் தெரியவேண்டும் என்பதற்காக வாப்பா தொலைக்காட்சியின் ஒலியை முற்றாகக் குறைத்திருந்தார்.

அந்த நாட்கள் கண்டியில் யாருக்கும் மறக்காது. திகனையிலும் தெல்தெனியவிலும் நம்மவர்களின் கடைகளும் வீடுகளும் பள்ளிவாசல்களும் தாக்கப்பட்டிருந்தன. அன்றைய தினம்தான் நாடு முழுவதும் அவசரகாலச் சட்டம் பிரகடனப்படுத்தப்பட்டது. எனக்கு அப்போது பத்து வயது. புலமைப்பரிசில் பரீட்சைக்காகப் படித்துக்கொண்டிருந்த காலம். அந்த ஆட்டத்தில் இலங்கை 5 விக்கெட்டுகளால் வென்றது. வழமையாக இலங்கை வென்றால் முதல் வெடி கொளுத்துவது எங்கள் நானாதான். அன்று அவர் கையைக் கட்டிக்கொண்டு திரையைப் பார்த்தபடி இருந்தார்.

அந்த இரவில் இன்னொன்றும் நினைவிருக்கிறது. எதிர்வீட்டுச் சிங்கள அங்கிள், தன் வீட்டு வாசலில் விளக்கைப் போட்டு, எங்கள் கேட்டைப் பார்த்தபடி ஒரு கதிரையில் உட்கார்ந்திருந்தார். வீட்டுக்குள் வந்து எங்களுக்கு ஆறுதல் சொல்லவில்லை. எதுவும் பேசவுமில்லை. நான் தூங்கப் போகும்போதும் அவர் அங்கேதான் இருந்தார்.

ஏழு வருடங்களுக்குப் பிறகு, விளையாட்டு வீரர்களின் மௌனப் போராட்டங்களைப் பற்றி வாசிக்கத் தொடங்கியபோது எனக்கு அந்தக் கதிரைதான் ஞாபகம் வந்தது. அதனால்தான் இந்தக் கட்டுரையை எழுதுகிறேன்.

இரண்டு வகை மௌனம்

தீமையைக் கண்டால் கையால் தடுக்க வேண்டும், முடியாவிட்டால் நாவால் தடுக்க வேண்டும், அதற்கும் முடியாவிட்டால் உள்ளத்தால் வெறுக்க வேண்டும், அது ஈமானின் மிகப் பலவீனமான நிலை என்று நபி (ஸல்) அவர்கள் கற்றுத்தந்ததை நாம் எல்லோரும் இஸ்லாம் பாடத்தில் படித்திருக்கிறோம். உள்ளத்தால் வெறுப்பது அல்லாஹ்வுக்குத் தெரியும். ஆனால் அநீதி இழைக்கப்பட்டவருக்குத் தெரியாது. அவருடைய கண்ணுக்கு நாமும் பேசாமல் நின்று வேடிக்கை பார்த்த கூட்டத்தில் ஒருவர்தான்.

ஆகவே மௌனம் இரண்டு வகை. ஒன்று ஒளிந்துகொள்ளும் மௌனம். மற்றது, எல்லோரும் காணும்படி நின்று "இது சரியில்லை" என்று காட்டும் மௌனம். பேச வாய்ப்பில்லாத இடத்தில், அல்லது பேசினால் கூச்சலில் அமுங்கிப்போகும் இடத்தில், மனிதர் தேர்ந்தெடுப்பது இந்த இரண்டாவது மௌனத்தை. விளையாட்டு வீரர்களுக்கு இது இயல்பாக அமைந்துவிடுகிறது. மைதானத்தில் அவர்களுக்கு ஒலிவாங்கி கொடுப்பதில்லை. ஆனால் இலட்சக்கணக்கான கண்கள் அவர்கள் மீது இருக்கும். அவர்களிடம் இருப்பது உடல், உடை, சப்பாத்து, பதக்கம் ஆகியவை மட்டுமே. அவற்றைக் கொண்டுதான் பேச வேண்டும்.

மெக்சிக்கோ நகரம், 1968

இப்படிப்பட்ட போராட்டங்களில் உலகம் அதிகம் நினைவில் வைத்திருப்பது 1968 ஒக்டோபர் 16ஆம் திகதி நடந்ததை. மெக்சிக்கோ ஒலிம்பிக்கில் ஆண்களுக்கான 200 மீற்றர் ஓட்டம். அமெரிக்காவின் டொமி ஸ்மித் 19.83 செக்கனில் ஓடி உலக சாதனையுடன் தங்கம் வென்றார். அவுஸ்திரேலியாவின் பீற்றர் நோர்மன் வெள்ளி. அமெரிக்காவின் ஜோன் கார்லோஸ் வெண்கலம். ஸ்மித்தும் கார்லோஸும் கறுப்பினத்தவர்கள். அந்த வருடம் ஏப்ரலில்தான் மார்ட்டின் லூதர் கிங் சுட்டுக் கொல்லப்பட்டிருந்தார்.

பதக்கம் வாங்க வந்தபோது அவர்கள் இருவரின் காலிலும் சப்பாத்து இல்லை. கறுப்புக் காலுறை மட்டும். தங்கள் மக்களின் வறுமையைக் காட்டுவதற்காக அப்படி வந்தார்கள். அமெரிக்க தேசிய கீதம் ஒலித்தபோது தலையைக் குனிந்து, கறுப்புக் கையுறை அணிந்த முஷ்டியை உயர்த்தினார்கள். கையுறை ஒரு சோடிதான் இருந்தது. அதனால் ஸ்மித் வலது கையையும் கார்லோஸ் இடது கையையும் உயர்த்தினார்கள். ஒரு வார்த்தைகூடப் பேசவில்லை. இருவரும் அமெரிக்க அணியிலிருந்து இடைநிறுத்தப்பட்டு, ஒலிம்பிக் கிராமத்திலிருந்து வெளியேற்றப்பட்டார்கள்.

அந்தப் புகைப்படத்தைப் பார்க்கும் பலர் அதிலுள்ள மூன்றாமவரைக் கவனிப்பதில்லை. வெள்ளையரான பீற்றர் நோர்மன் கையை உயர்த்தவில்லை. ஆனால் அவருடைய சட்டையிலும் மற்ற இருவரும் அணிந்திருந்த அதே மனித உரிமைச் சின்னம் இருந்தது. அந்த அநீதி அவருக்கு நேர்ந்ததல்ல. அவர் பேசாமல் இருந்திருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். ஆனாலும் சின்னத்தைக் கேட்டு வாங்கிக் குத்திக்கொண்டு நின்றார். 1972 ஒலிம்பிக்குக்கு அவர் அனுப்பப்படவில்லை. 2006இல் அவர் இறந்தபோது அவருடைய உடலைச் சுமந்தவர்களில் ஸ்மித்தும் கார்லோஸும் இருந்தார்கள். 2012இல் அவுஸ்திரேலியப் பாராளுமன்றம் அவரிடம் மன்னிப்புக் கேட்டது. அவர் இறந்து ஆறு வருடங்களுக்குப் பிறகு!

ஸ்மித்தும் கார்லோஸும் படித்த சான் ஹொசே பல்கலைக்கழகத்தில் 2005இல் அவர்களுக்குச் சிலை எழுப்பினார்கள். அதில் இரண்டாம் இடத்துக்குரிய படி வெறுமையாக இருக்கிறது. அங்கே தன் உருவம் வேண்டாம், வருகிறவர்கள் ஏறி நிற்கட்டும் என்பது நோர்மனின் விருப்பம். இந்த வெற்றிடத்தைப் பற்றிக் கடைசியில் மீண்டும் சொல்வேன்.

எது இதற்கு வலு சேர்க்கிறது?

நான் வாசித்த சம்பவங்களை ஒப்பிட்டுப் பார்த்தால் மூன்று விடயங்கள் தெரிகின்றன.

முதலாவது, செய்கை யாரையும் அவமதிக்காததாக இருக்க வேண்டும். 2016இல் அமெரிக்கக் காற்பந்தாட்ட வீரர் கொலின் கேப்பர்னிக், கறுப்பினத்தவர் மீதான பொலிஸ் வன்முறையைக் கண்டித்து, தேசிய கீதம் ஒலிக்கும்போது எழுந்து நிற்காமல் உட்கார்ந்திருந்தார். பின்னர் முன்னாள் இராணுவ வீரர் ஒருவருடன் பேசினார். உட்கார்ந்திருப்பதைவிட ஒரு காலில் மண்டியிடுவது இறந்த வீரர்களுக்கும் மரியாதையாக இருக்கும் என்று அவர் ஆலோசனை சொன்னார். கேப்பர்னிக் அதை ஏற்றுக்கொண்டார். இன்று உலகம் முழுவதும் மைதானங்களில் காணும் அந்த மண்டியிடல், எதிர்க்கருத்துள்ள ஒருவரைக் கேட்டதால் பிறந்தது.

இரண்டாவது, செய்பவர் தாமே விலை கொடுக்க வேண்டும். 2003 பெப்ரவரி 10ஆம் திகதி, உலகக் கிண்ணத் தொடரில் ஹராரே நகரில் சிம்பாப்வே நமீபியாவுடன் விளையாடியது. சிம்பாப்வே வீரர்களான அன்டி ஃபிளவரும் ஹென்றி ஒலங்காவும் கையில் கறுப்புப் பட்டி அணிந்து களமிறங்கினார்கள். தங்கள் நாட்டில் ஜனநாயகம் இறந்துவிட்டதற்கான துக்கம் அது என்று அறிக்கை விட்டார்கள். ஒருவர் வெள்ளையர், மற்றவர் சிம்பாப்வேக்கு விளையாடிய முதலாவது கறுப்பின வீரர். இருவரும் சேர்ந்து செய்ததால் அதை ஓரினத்தின் முறைப்பாடு என்று ஒதுக்க முடியவில்லை. அந்த உலகக் கிண்ணத்துடன் இருவரின் சர்வதேச கிரிக்கெட் வாழ்வும் முடிந்தது. ஒலங்கா உயிருக்குப் பயந்து நாட்டை விட்டே வெளியேறினார்.

மூன்றாவது, அது மனமுவந்து செய்யப்பட வேண்டும். 2021 ரி20 உலகக் கிண்ணத்தில் தென்னாபிரிக்க கிரிக்கெட் சபை தன் வீரர்கள் எல்லோரும் மண்டியிட வேண்டும் என்று ஆட்ட நாளிலேயே உத்தரவிட்டது. குயின்டன் டி கொக் அன்றைய ஆட்டத்திலிருந்து விலகிக்கொண்டார். பலர் அவரை இனவாதி என்றார்கள். தன் சிற்றன்னை கறுப்பினத்தவர் என்றும், உத்தரவின் பேரில் செய்ய வேண்டிவந்ததே தனக்குப் பிரச்சினை என்றும் அவர் விளக்கம் கொடுத்தார். நான்கு நாட்களுக்குப் பின்னர் ஷார்ஜாவில் மண்டியிட்டார். எதிரணியாக நின்றது நம் இலங்கைதான். அவர் முதலில் செய்தது சரியா என்று எனக்கு இன்னும் முடிவு சொல்லத் தெரியவில்லை. ஆனால் ஒன்று விளங்குகிறது. காலைக் கூட்டத்தில் அதிபர் சொன்னதற்காக நாம் செலுத்தும் மௌன அஞ்சலிக்கும், நாமே தலை குனிவதற்கும் வித்தியாசம் உண்டு.

எழுத்துகளை மறைத்த சப்பாத்து

நமக்கு அண்மையில் அதிகம் தெரிந்தவர் உஸ்மான் கவாஜா. அவுஸ்திரேலியாவுக்காக டெஸ்ட் விளையாடிய முதலாவது முஸ்லிம். 2023 டிசம்பரில், காஸாவில் குழந்தைகள் கொல்லப்பட்டுக்கொண்டிருந்த நேரத்தில், பேர்த் டெஸ்டுக்கு முன்னரான பயிற்சியின்போது அவருடைய சப்பாத்தில் இரண்டு வாசகங்கள் எழுதப்பட்டிருந்தன. எல்லா உயிர்களும் சமம் என்பது ஒன்று. சுதந்திரம் மனித உரிமை என்பது மற்றது. ஒரு நாட்டின் பெயரோ சமயத்தின் பெயரோ அதில் இல்லை. ஆனாலும் சர்வதேச கிரிக்கெட் சபையின் விதிப்படி அதை அணிந்து விளையாட முடியாது என்று தடுக்கப்பட்டது. அவர் அந்த ஆட்டத்தில் கறுப்புப் பட்டி அணிந்தார். முன் அனுமதி பெறவில்லை என்று சபை அவரைக் கண்டித்தது. அடுத்து மெல்பேர்ன் டெஸ்டில் ஒலிவ் கிளையுடன் ஒரு புறாவின் படத்தை ஒட்ட அனுமதி கேட்டார். அதுவும் மறுக்கப்பட்டது. கடைசியில் தன் இரு மகள்மாரின் பெயர்களைச் சப்பாத்தில் எழுதிக்கொண்டு ஆடினார்.

இதை வீட்டில் சொன்னபோது வாப்பா கேட்டார், "விளையாட்டுக்குள்ள அரசியல் எதற்கு மகள்? இவர் ஒன்றை எழுதினால் நாளைக்கு இன்னொருவர் நமக்கு விரோதமாக எழுதுவார். அப்போது என்ன செய்வது?"

அது நியாயமான கேள்வி. ஒலிம்பிக் சாசனத்தின் 50ஆம் விதியும் இதே பயத்தில்தான் போட்டி இடங்களில் அரசியல், சமய, இனப் பிரசாரங்களைத் தடுக்கிறது. 2021இல் டோக்கியோ ஒலிம்பிக்குக்கு முன்னர் அதைச் சற்றுத் தளர்த்தி, போட்டி தொடங்குமுன் கருத்துக் காட்டலாம், பதக்க மேடையில் கூடாது என்றார்கள். எல்லாப் பேதங்களையும் வெளியே விட்டுவிட்டு ஒன்றாக உட்காரும் ஓர் இடம் இருக்கட்டும் என்ற எண்ணம் தவறானதல்ல. பல்லேகல மைதானத்தில் பக்கத்தில் இருப்பவர் யார் என்று கேட்காமலேயே நாம் சேர்ந்து கத்துகிறோமே!

ஆனால் வாப்பாவுக்கு நான் சொன்ன பதில் இதுதான். மைதானத்துக்கு வெளியே சிலருக்கு அநீதி நடக்கும்போது, உள்ளே எல்லாம் சமம் என்று நடிப்பது அவர்களுக்குச் சமமாக இராது. யாரையும் தாழ்த்தாமல், யாருடைய விளையாட்டையும் குழப்பாமல், எல்லா உயிரும் சமம் என்று சொல்வது பிரசாரமா? வாப்பா சிரித்துவிட்டு, "நல்லாப் பேசுறீங்க" என்றார். ஒத்துக்கொண்டாரா என்று தெரியவில்லை.

நம் அயலில், நம் நாட்டில்

பெண்கள் இதைச் செய்யவில்லையா என்று நீங்கள் கேட்கலாம். இந்திய மல்யுத்த வீராங்கனைகளான வினேஷ் போகத், சாக்‌ஷி மாலிக் போன்றோர், தங்கள் சம்மேளனத்தின் அப்போதைய தலைவர் வீராங்கனைகளைத் துன்புறுத்தினார் என்று குற்றம்சாட்டி, 2023இல் டெல்லி ஜந்தர் மந்தரில் வாரக்கணக்கில் உட்கார்ந்திருந்தார்கள். மே 30ஆம் திகதி பதக்கங்களைக் கங்கையில் விடுவதற்காக ஹரித்வார் போனார்கள். ஆற்றங்கரையில் பதக்கங்களை அணைத்துக்கொண்டு அழுதபடி உட்கார்ந்திருந்தார்கள். விவசாயத் தலைவர்கள் வந்து கேட்டுக்கொண்டதால் திரும்பினார்கள். அந்த டிசம்பரில், குற்றம்சாட்டப்பட்டவருக்கு நெருக்கமானவரே புதிய தலைவராகத் தெரிவானார். ஒலிம்பிக் பதக்கம் வென்ற முதலாவது இந்திய மல்யுத்த வீராங்கனையான சாக்‌ஷி, தன் சப்பாத்துகளைக் கழற்றி ஊடகவியலாளர்களின் முன்னால் மேசையில் வைத்துவிட்டு எழுந்து போனார்.

நம் நாட்டில்? கண்டியில் எல்லோருக்கும் தெரிந்த சம்பவம் ஒன்று உண்டு. 1999 ஜனவரி 23ஆம் திகதி அடிலெய்டில், கட்டுகஸ்தோட்டை புனித அந்தோனியார் கல்லூரியில் படித்த நம் ஊர் முத்தையா முரளிதரனின் பந்துவீச்சு முறையற்றது என்று நடுவர் சொன்னபோது, அணித்தலைவர் அர்ஜுன ரணதுங்க அணியையே எல்லைக் கோட்டுப் பக்கம் அழைத்துச் சென்றார். ரணதுங்க மௌனமாக இருக்கவில்லை, நடுவருடன் விரலை நீட்டி வாதாடினார். ஆகவே இதை மௌனப் போராட்டம் என்று சொல்ல முடியாது. ஆனால் ஒரு தமிழ் வீரருக்காகச் சிங்கள அணித்தலைவரும் முழு அணியும் ஆட்டத்தை நிறுத்தி நின்ற காட்சி அது. நாட்டில் யுத்தம் நடந்துகொண்டிருந்த காலம் என்பதையும் நினைத்துப் பாருங்கள்.

உண்மையான மௌனப் போராட்டம் ஒன்று 2022 ஏப்ரலில் நடந்தது. காலிமுகத்திடலில் மக்கள் திரண்டிருந்த நாட்களில், முன்னாள் வேகப்பந்துவீச்சாளர் தம்மிக்க பிரசாத் அங்கே 24 மணி நேரம் உண்ணாமல் உட்கார்ந்தார். 2019 ஏப்ரல் 21ஆம் திகதி உயிர்த்த ஞாயிறு தாக்குதலில் கொல்லப்பட்டவர்களுக்கு நீதி வேண்டும் என்பதே அவருடைய கோரிக்கை.

இதை எழுதும்போது என் பேனா தயங்குகிறது. 250க்கும் மேற்பட்டவர்களின் உயிரைப் பறித்த அந்தத் தாக்குதலைச் செய்தவர்கள் நம் மார்க்கத்தின் பெயரைச் சொல்லிக்கொண்டவர்கள். அதன் பிறகு பஸ்ஸிலும் கடையிலும் நம்மைப் பார்த்த பார்வை நம் எல்லோருக்கும் தெரியும். அந்தக் கஷ்டத்தை நாம் வீட்டில் நிறையப் பேசினோம். பிள்ளைகளை இழந்த தாய்மாருக்கு நீதி கிடைக்கவில்லை என்பதை எவ்வளவு பேசினோம்? திகனைக்காக மற்றவர்கள் நமக்குப் பக்கத்தில் நிற்கவேண்டும் என்று எதிர்பார்க்கும் நாம், அவர்களுக்குப் பக்கத்தில் நிற்கக் கடமைப்பட்டவர்கள். நமக்கு நேர்ந்ததற்காக மட்டும் நாம் கேட்பது நீதியாகாது.

வெற்றுக் காலுடன் வந்தவர்கள்

இனி என் கதைக்கு வருகிறேன். கடந்த வருடம் ஒரு வலைப்பந்தாட்டப் போட்டியில் விளையாடினேன். எங்களுடன் மோதியது தோட்டப் பகுதியிலிருந்து வந்த ஒரு பாடசாலை. அந்த ஏழு பேரில் ஐந்து பேருக்குச் சப்பாத்து இல்லை. சரளைக் கல் கலந்த மைதானம். அவர்கள் வெற்றுக் காலுடன் ஓடினார்கள். பார்வையாளர் பக்கத்திலிருந்து ஒரு சிரிப்பு. பிறகு ஒரு வார்த்தை. அந்த வார்த்தையை இங்கே எழுத மாட்டேன். சிரித்தவர்கள் எங்கள் அணியை ஆதரிக்க வந்தவர்கள்.

அந்த அணியின் கோல் காப்பாளருக்கு அது கேட்டது. அவள் என்னைப் பார்த்தாள். நான் குனிந்து, அவிழாத என் சப்பாத்து நாடாவை மறுபடியும் கட்டினேன்.

நாங்கள் வென்றோம். வீட்டுக்கு வந்து உம்மாவிடம் எத்தனை கோல் என்று சொன்னேன். அந்தச் சிரிப்பைச் சொல்லவில்லை. நான் சிரிக்கவில்லைதான். உள்ளத்தால் வெறுத்தேன்தான். ஆனால் அது அவளுக்கு எப்படித் தெரியும்?

பல மாதங்களின் பின்னர்தான் ஸ்மித்தும் கார்லோஸும் சப்பாத்தைக் கழற்றியது ஏன் என்று வாசித்தேன். உலக சாதனை படைத்தவர் ஏழைகளுக்காகத் தன் சப்பாத்தைக் கழற்றுகிறார். நான் என் சப்பாத்துக்குள் ஒளிந்துகொண்டேன். அன்று நான் கழற்றியிருந்தால் பெரிய மாற்றம் எதுவும் வந்திராது. அவர்களுக்குச் சப்பாத்தும் கிடைத்திராது. மௌனப் போராட்டம் உடனே எதையும் மாற்றுவதில்லை. நோர்மனிடம் மன்னிப்புக் கேட்க 44 வருடங்கள் ஆனது. ஆனால் அந்தப் பிள்ளைக்கு, இந்த மைதானத்தில் எல்லோரும் சிரிக்கவில்லை என்பது தெரிந்திருக்கும். 2018 மார்ச்சில் எதிர்வீட்டு வாசலில் இருந்த கதிரை எங்களுக்குச் சொன்னதும் அவ்வளவுதான். அது எங்களுக்குப் போதுமாக இருந்தது.

உயர்தரப் பரீட்சை நெருங்குவதால் இனி நான் கல்லூரி அணியில் விளையாட மாட்டேன். என் ஏழாம் இலக்கச் சட்டையை ஒரு தங்கை அணிந்துகொள்வாள். அவளுக்கும், மைதானத்துக்கு வரும் தோழிகளுக்கும், பெற்றோருக்கும் ஒரு வேண்டுகோள். சான் ஹொசேயில் அந்தப் படி இன்னும் வெறுமையாகத்தான் இருக்கிறது. அதில் ஏறி நிற்க அமெரிக்கா போகத் தேவையில்லை. அடுத்த போட்டியில் எதிரணியைப் பார்த்து யாராவது சிரித்தால், எழுந்து நடந்து போய் அந்த அணியின் பக்கத்தில் உட்காருங்கள்.

எதுவும் பேச வேண்டியதில்லை.